பந்திக்கு வரும் பெரியவர்களும் அவர்களுடைய மஞ்சப்பையும்

காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர்ப் பக்கம் வயதானவர்களுக்கு வாரம் ஒரு வேளை சாப்பாடு போட ஆசைப்படுகிறவர்களுக்குப் பஞ்சமே இல்லை. பணம் இருக்கிறது, பூட்டிக் கிடக்கிற வீடுகள் இருக்கின்றன, சமையலுக்கு ஆள் தேடி வேறு ஊருக்குப் போக வேண்டியதில்லை. ஆனால் இவை பெரும்பாலும் அன்னதானமாகத் தொடங்கி அன்னதானமாகவே முடிந்துபோகின்றன. இலை போட்டாச்சு, போட்டோ எடுத்தாச்சு, அனுப்பிவிட்டாச்சு என்று ஆகிவிடுகிறது. நாடு விட்டு வந்த முதியவர்களுக்கு இது போதாது. மறுவாழ்வு முகாமில் இருக்கும் இலங்கைத் தமிழர், இந்திய–இலங்கை ஒப்பந்தத்தில் வந்த மலையகத்தார் (தேயிலைத் தோட்டத் தமிழர்), பர்மாவிலிருந்து திரும்பியவர்கள் ஆகியோரை வீட்டை விட்டு வெளியே வரவைக்கத்தான் சாப்பாடு. அவர்கள் கையோடு கொண்டுவருகிற மஞ்சப்பைக் காகிதங்களில்தான் நமக்கு வேலை இருக்கிறது.

இதை நமக்கு முன்னால் பட்டுத் தெரிந்துகொண்டவர்கள் பிரிட்டனில் உள்ள கரீபிய, ஆப்பிரிக்க முதியோரின் பகல் உணவுச் சங்கங்கள். 1948 ஜூன் 22 அன்று டில்பரி துறைமுகத்தில் எம்பயர் விண்ட்ரஷ் கப்பலிலிருந்து இறங்கியவர்களும், பின்னால் வந்தவர்களும் பேருந்திலும் ரயிலிலும் மருத்துவமனையிலும் உழைத்து அங்கேயே ஓய்வு பெற்றார்கள். அரசு முதியோர் மையங்களில் போட்ட சாப்பாடு அவர்கள் நாக்குக்கு ஒட்டவில்லை, பேச்சுத்துணையும் கிடைக்கவில்லை. மாதா கோயில் கூடங்களை இரவல் வாங்கித் தாங்களே கூடினார்கள். தேங்காய்ப்பாலில் ராஜ்மா சேர்த்து வடித்த சோறு, உப்பு மீன், பிறகு டொமினோ ஆட்டம். டொமினோ காயை மேசையில் ஓங்கி அறைகிற சத்தம் தெருவுக்கே கேட்கும் என்பார்கள்.

இத்தனைக்கும் அவர்கள் சட்டப்படி வந்தவர்கள். 1973 ஜனவரி 1-க்கு முன் குடியேறியவர்களுக்கு 1971-ஆம் ஆண்டுச் சட்டம் தங்கும் உரிமையைக் கொடுத்தது. கையில் காகிதம் மட்டும் கொடுக்கவில்லை. 2012-க்குப் பிறகு வீட்டுக்காரர், முதலாளி, மருத்துவமனை என்று எல்லோரும் குடியேற்றச் சான்று கேட்க ஆரம்பித்தார்கள். அதற்குள் பழைய வந்திறங்கல் அட்டைகளை உள்துறை 2010-லேயே அழித்திருந்தது. இருந்த ஒவ்வொரு ஆண்டுக்கும் நான்கு ஆவணம் வரை காட்டச் சொன்னார்கள். ஐம்பது வருடம் இருந்தவர் எங்கே போவார்? வேலை போயிற்று, புற்றுநோய்ச் சிகிச்சை நின்றது, சிலர் நாடு கடத்தப்பட்டார்கள். 2018-ல் இது வெளியே வெடித்தது. 2019 ஏப்ரலில் இழப்பீட்டுத் திட்டம் வந்தது. அந்த விண்ணப்பமும் லேசில் நிரப்பக்கூடியதில்லை. பள்ளிப் பதிவேடு, வரிக்கணக்கு, தொழிற்சங்க அட்டை, ஞானஸ்நானப் பதிவு என்று தேடிக் கோர்க்க, அந்த ஆளை ஏற்கெனவே பெயர் சொல்லித் தெரிந்த ஒரு கூட்டம் தேவைப்பட்டது. கேட்கிற நாள் வருமுன் காகிதத்தைச் சேர்த்துவைக்க வேண்டும் என்பதை அவர்கள் கற்ற விலை பெரிது. நமக்கு அது சும்மா கிடைக்கிறது.

நம் பக்கம் ஒரே பந்தியில் பக்கத்துப் பக்கத்து இலையில் உட்காரும் மூன்று பேர், சட்டத்துக்கு முன்னால் மூன்று வேறு ஆட்கள். இதைப் புரிந்துகொள்ளாமல் யாருக்கும் மனு எழுதக்கூடாது. 1964 அக்டோபர் 30 சிறிமாவோ–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 மலையகத் தமிழரை இந்தியாவுக்கு ஒதுக்கியது. அப்படி வந்தவர் இந்தியக் குடிமகன். கண்டியிலிருந்த இந்திய உதவித் தூதரகம் கொடுத்த பாஸ்போர்ட்டோ, மண்டபத்தில் கொடுத்த குடும்ப அட்டையோ, கிழிந்தாவது, இருக்கும். பர்மாவில் 1963–64-ல் கடைகளும் வங்கிகளும் அரசுடைமையானபோது வந்தவர்களில் பெரும்பாலோரும் தாயகம் திரும்பியவர் கணக்கில் வருவார்கள். 1983 ஜூலைக்குப் பிறகு படகில் வந்தவர் சட்டப்படி அயல்நாட்டவர். முகாமின் பெயர் 2021-ல் மறுவாழ்வு முகாம் என்று மாறியதால் அந்த நிலை மாறவில்லை. 2019 குடியுரிமைத் திருத்தச் சட்டத்திலும் இலங்கை இல்லை.

சிக்கல் எங்கே என்றால், படகில் வந்தவர்களிலும் மலையகத்தார் நிறைய உண்டு. “தோட்டத்து ஆள்தானே, ஒப்பந்தத்தில் வந்திருப்பார்” என்று நாமாக முடிவு செய்தால் எல்லாம் தப்பாகும். எந்த ஆண்டு, எந்த வழி என்று கேளுங்கள். தலைமன்னாரிலிருந்து ராமானுஜம் கப்பலில் வந்தவர் வேறு, இரவில் படகேறி வந்தவர் வேறு. ஆர்வக்கோளாறில் முகாம்வாசி ஒருவருக்கு வாக்காளர் அட்டைக்கோ இந்திய பாஸ்போர்ட்டுக்கோ விண்ணப்பம் போட்டுக் கொடுக்காதீர்கள். பொய் அறிவிப்பு என்ற வழக்கு முதலில் அந்த எழுபத்தைந்து வயதுக்காரர் மேல்தான் விழும். முகாமுக்கென்று தனி உதவித்தொகை உண்டு: 2021-ல் குடும்பத் தலைவருக்கு 1,500, மற்ற பெரியவர்களுக்கு 1,000, குழந்தைகளுக்கு 500 ரூபாயாக உயர்ந்தது. தாயகம் திரும்பிய, ஆதரவற்ற முதியவருக்கு வழி மாநில முதியோர் ஓய்வூதியம். 2023 ஆகஸ்டில் 1,200 ஆனது. இ-சேவை மையத்தில் விண்ணப்பம், தாலுகா அலுவலகத்தில் விசாரணை.

மஞ்சப்பையைத் திறந்ததும் செய்ய வேண்டிய முதல் வேலை, அசலை அவரிடமே திருப்பிக் கொடுப்பது. எந்தக் காரணத்துக்காகவும் அசலை “பத்திரமாக” நம்மிடம் வைத்துக்கொள்ளக் கூடாது. இரண்டு நகல், ஒரு ஸ்கேன், தண்ணீர் புகாத ஜிப் உறை. மேலே ஒரே பக்கத்தில் ஒரு முகப்புத் தாள்: பெயர் எந்தெந்த ஆவணத்தில் எப்படி எப்படி எழுதப்பட்டிருக்கிறது, அப்பா பெயர் முதலெழுத்தாகவா முழுசாகவா, பிறந்த தேதி எதில் என்ன. முத்தையா என்கிற ஒரே பெயர் ஆங்கிலத்தில் நான்கு விதமாக இருக்கும். மனு எதுவானாலும் இந்தத் தாளைப் பார்த்துவிட்டு எழுதினால் பாதி மனுக்கள் திரும்பி வராது.

பிறந்த தேதி தனிக் கதை. மேலைநாடுகளுக்குப் போன சோமாலிய, சூடானிய அகதிகளில் ஏராளமானோருக்கு ஜனவரி 1 பிறந்தநாள். தேதி தெரியாதவர்களுக்குப் பதிவு அதிகாரிகள் போட்டது அது. எத்தியோப்பியருக்கு இன்னொரு வகைக் குழப்பம்: அவர்கள் நாட்காட்டியில் பதின்மூன்று மாதம், ஆண்டு எண் நம் புழக்கத்திலுள்ளதைவிட ஏழு எட்டு குறைவு. மாற்றி எழுதாமல் அப்படியே எழுதினால் ஆள் ஏழு வயது மூத்துப்போவார். மாற்றியதையே இன்னொரு முறை மாற்றினால் ஏழு வயது இளைத்து, ஓய்வூதியம் ஏழு வருடம் தள்ளிப்போகும்.

நம் பெரியவர்களுக்கு வயது தமிழ் ஆண்டில்தான் நினைவிருக்கும். சாதகக் குறிப்பிலும், நகரத்தார் வீடுகளில் இசைகுடிமானத்திலும் (திருமண ஒப்பந்தப் பத்திரம்) அப்படித்தான் இருக்கும். தாரண 1944–45, பார்த்திப 1945–46, விய 1946–47. தப்பு நடப்பது தை முதல் பங்குனி வரை பிறந்தவர்களுக்கு. பார்த்திப தை என்றால் 1946 ஜனவரி அல்லது பிப்ரவரி. அவசரத்தில் 1945 என்று எழுதிவிடுவார்கள். அறுபது ஆண்டில் அதே பெயர் திரும்பி வந்தாலும் அதில் தவறு வராது, எண்பது வயதுக்காரரை யாரும் இருபது என்று எழுத மாட்டார்கள். இந்த ஒரு வருடப் பிசகுதான் வினை. ஏற்கெனவே ஓர் ஆவணத்தில் தப்பாகப் பதிந்திருந்தால், எது சரி என்று வாதாடாமல் எது பழையது, எது அரசு கொடுத்தது என்று பாருங்கள். மற்றவற்றை அதற்குப் பொருத்துவதே நடக்கிற காரியம்.

இனி பந்தி. இடம் பிடிக்கும்போதே தவறு தொடங்கிவிடுகிறது. “வளவு சும்மாதான் கிடக்கு, நடத்திக்கோங்க” என்று, பங்காளிகளுக்குப் பொதுவான பெரிய வீட்டைக் காட்டி ஒரு பங்காளி சொல்வார். மற்றப் பங்காளிகளிடம் எழுத்தில் சம்மதம் இல்லாமல் ஒரு அடுப்பைக்கூட வைக்காதீர்கள். இரண்டாவது, வாசல். முகப்புப் படி உயரம், நிலைப்படி உயரம், ஈரம் பட்டால் ஆத்தங்குடிக் கல் வழுக்கும். சரிவுப் பலகைக்குக் கணக்கு ஒன்றுக்குப் பன்னிரண்டு: 15 செ.மீ. படிக்கு 1.8 மீட்டர் நீளம் வேண்டும். அழகுக்கு விரிக்கிற பாய், கம்பளம் எல்லாம் கால் தட்டும், எடுத்துவிடுங்கள். கழிப்பறை பின்கட்டுக்கும் அப்பால் இருக்கிற வீடு இதற்கு ஆகாது. கைப்பிடியும் மேற்கத்திய இருக்கையும் உள்ள சமுதாயக்கூடமே மேல். சக்கர நாற்காலிக்கு வசதி என்று முகாம்காரர்களை மட்டும் பின்வாசல் வழியாக அழைத்துவருகிற ஏற்பாடு கூடவே கூடாது. ஏன் என்று இந்த ஊரில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. எல்லோருக்கும் ஒரே வாசல், ஒரே வரிசை.

முகாமிலிருந்து ஆட்களை அழைத்துவர மறுவாழ்வுத் துறைக்கும் மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்கும் முன்கூட்டியே எழுதி அனுமதி வாங்குங்கள். ஈழ ஏதிலியர் மறுவாழ்வுக் கழகம் 1984 முதல் முகாம்களில் வேலை செய்கிறது. அப்படிப்பட்டவர்கள் வழியாகப் போனால் நம்பிக்கை சீக்கிரம் வரும். முகாமில் ஆள் கணக்கெடுக்கிற தணிக்கை நாளிலும் உதவித்தொகை கொடுக்கிற நாளிலும் யாரும் வர மாட்டார்கள், வரவும் முடியாது. அதைக் கேட்டுவிட்டுக் கிழமையைத் தீர்மானியுங்கள். உள்ளூர்ச் சந்தை நாளும் வேண்டாம், ஷேர் ஆட்டோ கிடைக்காது. முதல் நாள் சாயங்காலம் ஒவ்வொருவருக்கும் போன். வேனில் ஏற 20 செ.மீ. உயர முக்காலி ஒன்று. முதலில் ஏறியவர் கடைசியில் இறங்குவது மாதிரி சுற்று இருந்தால், அவருக்கு இரண்டு மணி நேரம் வேனிலேயே போய்விடும். திரும்பும்போது சுற்றை மாற்றுங்கள்.

பன்னிரண்டரைக்கு இலை விழ வேண்டும். விருந்தினர் வரவில்லை, குத்துவிளக்கு ஏற்றவில்லை என்று ஒன்றரை வரை காத்திருப்பது ஆபத்து. கிளிமிபிரைடு என்ற சர்க்கரை நோய் மாத்திரை போட்டவர்களும் இன்சுலின் குத்திக்கொண்டவர்களும் அந்தக் கூட்டத்தில் இருப்பார்கள், சாப்பாடு தள்ளிப்போனால் இரத்தத்தில் சர்க்கரை இறங்கிவிடும். வியர்வை, கை நடுக்கம், பேச்சில் குழறல் தெரிந்தால் உடனே மூன்று தேக்கரண்டி சர்க்கரையைத் தண்ணீரில் கரைத்துக் கொடுத்து, 15 நிமிடம் கழித்துத் திரும்பப் பாருங்கள். நினைவில்லாதவர் வாயில் எதையும் ஊற்றாதீர்கள், 108-ஐக் கூப்பிடுங்கள். சிறப்பு விருந்தினர் பேச ஆசைப்பட்டால் மோர் சாதத்துக்குப் பிறகு பேசட்டும். பாதிப் பேர் தூங்கியிருப்பார்கள், அவருக்கும் நேரம் மிச்சம்.

முப்பது பேருக்கு அளவு: புழுங்கலரிசி 3 கிலோ, துவரம்பருப்பு 900 கிராம், நறுக்கிய காய் இரண்டு வகையாக நாலரைக் கிலோ, தயிர் 2 லிட்டரைக் கடைந்து நீர்மோர். கல்யாணக் கணக்கில் ஆளுக்கு 150 கிராம் அரிசி போட்டால் மூன்றில் ஒரு பங்கு மிஞ்சும். உப்பை அளந்து போடச் சொல்லுங்கள். உலக சுகாதார நிறுவனம் சொல்லும் உச்சவரம்பு ஒரு நாளைக்கு 5 கிராமுக்குள். ஒரு வேளைக்கு ஆளுக்கு 2 கிராம் என்றால் முப்பது பேர் சமையலுக்கும் சேர்த்து 60 கிராம். செட்டிநாட்டுச் சமையல்காரர் கை இதற்கு ஒத்துக்கொள்ளாது. முதல் வாரம் சண்டைதான். புளியும் மிளகும் கொஞ்சம் தூக்கலாகப் போனால் உப்புக் குறைவு தெரியாது என்று சொல்லிப் பாருங்கள். கரீபியச் சங்கங்களில் இதே பிரச்சினை உப்பு மீனில். இரவு முழுக்க ஊறவைத்து, தண்ணீரை மாற்றி, வேகவைத்த தண்ணீரையும் கொட்டுகிறார்கள். நம் கருவாட்டுக்கும் அதுவே வழி.

எல்லா வாரமும் சாம்பார் போட்டால் முகாம்காரர்கள் மெள்ள நின்றுவிடுவார்கள். ஒரு வாரம் சொதியும் (தேங்காய்ப்பால் குழம்பு) இடியாப்பமும் சம்பலும். முப்பது பேர் சொதிக்கு மூன்று தேங்காய் தாராளம். ஒரு வாரம் பர்மாக்காரர்களுக்கு வாழைத்தண்டு போட்ட மொய்ங்கா (மீன் குழம்பில் அரிசி நூடுல்ஸ்), அன்றைக்குச் சைவருக்குத் தனி அடுப்பு. சமைப்பதை அவர்களே முன்னின்று சொல்லட்டும். புட்டு போடுகிற நாளில் ஒரு எச்சரிக்கை: பக்கவாதம் வந்தவருக்கு உதிரிப் புட்டு புரையேறும். தண்ணீர் குடிக்கும்போது இருமுகிறவருக்கு எதையும் சொதியில் நன்றாக ஊறவைத்துக் கொடுங்கள், பக்கத்தில் ஆள் இருக்கட்டும். கவுனி அரிசி பர்மாவிலிருந்து வந்தது என்பதால் அவர்களுக்கு அதில் ஒரு பாசம். கவுனி சர்க்கரைக்கு நல்லது என்று சொல்லிவிட்டு அதில் நெய்யும் சீனியும் தேங்காயும் கொட்டுகிற வழக்கத்தைப் பற்றி நான் ஒன்றும் சொல்வதற்கில்லை.

உடம்பு விஷயத்தில் கூடம் மருத்துவமனை ஆகிவிடக் கூடாது. இரத்த அழுத்தம் பார்த்துக் குறிப்பேட்டில் எழுதுவது போதும். வந்ததும் பார்க்காமல் ஐந்து நிமிடம் சாய்ந்து உட்கார வைத்து, கால் தரையில் பட, கை மேசைமேல் இருக்க, தடித்த கைக்குப் பெரிய பட்டையைக் கட்டிப் பாருங்கள். மேல் அளவு 180-ஐயோ கீழ் அளவு 120-ஐயோ தொட்டால் அன்றைக்கே மருத்துவமனை. மாத்திரை தொடர்ந்து கிடைக்க, 2021 ஆகஸ்டில் தொடங்கிய மக்களைத் தேடி மருத்துவத்தில் பெயர் சேர்த்துவிடுங்கள். எந்த மாத்திரை என்று ஒருவரைப் பார்த்து இன்னொருவருக்குச் சொல்லாதீர்கள். பிரிட்டனில் ஆப்பிரிக்க, கரீபிய வழியினருக்கு இரத்த அழுத்தத்துக்கு முதல் மருந்தே வேறு வகையாகப் பரிந்துரைக்கிறார்கள். ஆளுக்கு ஆள் அவ்வளவு வித்தியாசம். விரலில் மாட்டும் ஆக்சிஜன் மானி கறுத்த தோலில் உள்ளதைவிடக் கூடுதலாகக் காட்டலாம் என்பதும் ஆய்வுகளில் தெரியவந்ததுதான். நமக்கும் பொருந்தும்.

மறதி நோயைக் கண்டுபிடிப்பதில் ஒரு பெரிய பொறி உண்டு. பழைய பரிசோதனைகள் எழுதச் சொல்லும், கழித்தல் கணக்குப் போடச் சொல்லும். பள்ளிக்கூடமே போகாத தேயிலைத் தோட்டத்துப் பாட்டி அதில் தோற்றுத்தான் போவார், மூளை கல் மாதிரி இருந்தாலும். ஆஸ்திரேலியாவில் பல நாட்டுக் குடியேறிகளுக்காக 2004-ல் வெளியான ரூடாஸ் என்ற பரிசோதனை இதற்கு நல்லது. நான்கு மளிகைச் சாமானை நினைவு வைத்துச் சொல்வது, கையை மூடியும் விரித்தும் மாற்றிச் செய்வது, சாலையை எப்படிக் கடப்பீர்கள் என்று சொல்வது போன்றவை. முப்பதுக்கு 22 அல்லது அதற்குக் கீழே வந்தால் மருத்துவரிடம் அனுப்ப வேண்டும். அதைச் செய்யப் பழகியவர் செய்ய வேண்டும். பேரனை வைத்துக் கேட்கக் கூடாது. சோமாலிய முதியோரிடம் வேலை செய்கிறவர்கள் முதலில் சொல்வதே இதுதான்: பேரன் மொழிபெயர்த்தால் பாட்டி மூத்திரப் பிரச்சினையைச் சொல்ல மாட்டார், பேரனும் கெட்ட சேதியைப் பாட்டியிடம் சொல்ல மாட்டான். நமக்கு மொழிபெயர்ப்பு தேவையில்லை என்றாலும் பேரனை வெளியே உட்கார வைக்கத்தான் வேண்டும். இன்னொன்று, கோயில் திருவிழா வாணவேடிக்கை நாளில் பந்தி வைக்காதீர்கள். ஷெல்லடிக்குத் தப்பி வந்தவர்களுக்கு அந்தச் சத்தம் வேடிக்கை இல்லை.

பணத்துக்கு ஒரே ஒரு பெரிய நன்கொடையாளரை நம்பவேண்டாம். பிரிட்டனில் உள்ளாட்சி மானியத்தை மட்டும் நம்பியிருந்த சங்கங்கள் 2010-க்குப் பிந்தைய வெட்டில் திணறின. கரீபியரின் பார்ட்னர், கானாக்காரர்களின் சுசு எல்லாம் நம் சீட்டுதான். சின்னத் தொகை, பல கை. நம் ஊருக்குக் கோயில் கட்டளை முறை, அதாவது ஒரு நாள் செலவை ஒருவர் ஏற்றுக்கொள்வது, இருக்கிறது. வருடத்துக்கு 52 பந்தி, 52 கட்டளைதாரர். திருமண நாள்கள் தை, வைகாசியில் குவியும், ஆடியும் மார்கழியும் காலியாகக் கிடக்கும். அதனால் மாதத்தைக் கட்டளைதாரர் கேட்கலாம், தேதியைக் குழுதான் தரும் என்று முதலிலேயே சொல்லிவிடுங்கள். கூடுதல் பாயசம், சால்வை, முகம் தெரிகிற போட்டோ கிடையாது. முகாம்வாசியின் படம் இணையத்தில் போவதால் அவருக்கு என்ன வரும் என்று நமக்குத் தெரியாது. வேன் வாடகைக்கும் நகல் செலவுக்கும் தனிக் கட்டளை வையுங்கள், சாப்பாட்டுக்குக் கொடுக்கிறவர்கள் ஜெராக்ஸுக்குக் கொடுக்க மாட்டார்கள்.

பிள்ளைகள் டொராண்டோவிலும் நியூஜெர்சியிலும் இருக்க, பெரிய வீட்டில் தனியாக இருக்கும் ஆச்சிகளும் ஐயாக்களும் இந்தப் பந்திக்கு வரலாம், வரட்டும். அவர்கள் பையில் வேறு காகிதம். வீட்டைப் பிள்ளைக்குத் தான செட்டில்மெண்ட் எழுதும்போது “என்னைப் பராமரிக்க வேண்டும்” என்ற நிபந்தனையைப் பத்திரத்திலேயே எழுதச் சொல்லுங்கள். 2007-ஆம் ஆண்டு முதியோர் பராமரிப்புச் சட்டம் 23-ஆம் பிரிவில் பத்திரத்தை ரத்துசெய்யக் கேட்க அது கைகொடுக்கும். காரைக்குடித் தாலுகாவுக்குத் தீர்ப்பாயம் தேவகோட்டைக் கோட்ட அலுவலகம். தொலைபேசி உதவிக்கு 14567. பிள்ளையோடு கனடாவுக்கே போக நினைப்பவர்கள், அங்கே முதியோர் ஓய்வூதியத்துக்குக் குறைந்தது பத்து வருடம் குடியிருக்க வேண்டும், வரவழைத்த பிள்ளை இருபது வருடம் பொறுப்பு என்பதைத் தெரிந்துகொண்டு விமானம் ஏறட்டும். அங்கே கரீபிய, ஆப்பிரிக்கப் பெற்றோர்கள் மாட்டிக்கொள்கிற இடமும் இதுவே.

வருகைப் பதிவை ஒழுங்காக வையுங்கள். ஒரு வாரம் வராதவருக்குப் போன், இரண்டாவது வாரமும் வராவிட்டால் நேரில் ஒருவர். இறந்துபோனால், ஈமச்செலவுக்கு என்று சீட்டுப் பணத்தில் ஒரு பங்கு எப்போதும் தொடாமல் இருக்க வேண்டும். கரீபிய முதியோர் சங்கங்களில் ஒன்பதாம் இரவுச் சடங்குக்குக் கூட்டம் சேருவது போல, முகாமில் எட்டுச் செலவுச் சடங்குக்கும் முப்பத்தொன்றாம் நாளுக்கும் ஆள் சேரும், அதற்கு அவர்களே வழி செய்துகொள்வார்கள். குழுவின் வேலை இறப்பைப் பதிவது. 21 நாளுக்குள் பதிந்தால் அலைச்சல் இல்லை. சான்றிதழில் பெயரையும் அப்பா பெயரையும் முகப்புத் தாளைப் பார்த்து, இலங்கை ஆவணத்தில் இருக்கிற எழுத்தோடு ஒத்துப்போகும்படி எழுதச் சொல்லுங்கள். வவுனியாவிலோ மன்னாரிலோ ஒரு துண்டு நிலம் இருந்தால், பிள்ளைகள் அதைக் கேட்கப் போகும்போது முதலில் பார்க்கப்படுவது அந்த எழுத்துதான்.